அடுத்த தாள்

அன்று முன்னறையில் இருந்தவர்கள் நான்கு பேர். பத்திரம் எழுதும் பெரியவர், அவர் மனைவி, பிரிண்டர் மெக்கானிக், தங்கை மகள்.

தங்கை உள்ளே வரவில்லை. மகள் கல்யாணத்துக்கு அண்ணனை அழைக்க வந்தவள், பத்திரிகையை மகளிடம் கொடுத்தனுப்பிவிட்டுத் தெருமுனையில் காருக்குள்ளேயே உட்கார்ந்திருந்தாள்.

பதினாறு வருடப் பிடிவாதம். இந்தக் குடும்பத்தில் யாருக்கும் முதுகு எளிதில் வளையாது.

பெரியவர் பத்திரிகையை வாங்கி மேசைமேல் வைத்தார். தங்கை ஏன் வரவில்லை என்று கேட்கவில்லை. மெக்கானிக்கின் வேலையைப் பார்ப்பதுபோல் திரும்பிக்கொண்டார்.

மெக்கானிக் பழைய லேசர் பிரிண்டரின் பக்கவாட்டு மூடியைக் கழற்றி, விரல் நீளத்தில் புது மெமரியைச் செருகினார். பின்னால் நெட்வொர்க் கார்டைப் பொருத்திக் கேபிளை இழுத்தார். இனி உள்ளறை லேப்டாப்பிலிருந்தும் அச்சிடலாம். பெரிய போட்டோ உள்ள பக்கம் ஏதாவது இருந்தால் சோதித்துவிடலாம் என்றார்.

மாமியாரின் துக்க அறிவிப்பு இருக்கிறதே என்று மனைவி லேப்டாப்பைத் திறந்துவிட்டாள். பெரியவர் வாயெடுப்பதற்குள் பிரிண்டர் உறுமத் தொடங்கிவிட்டது.

எல்லா வினையும் அந்த அறிவிப்பில்தான் ஆரம்பித்தது. பெரியவரின் அம்மா இறந்த அன்று, இதே பிரிண்டரில் ஒரே ஒரு பிரதி எடுத்து, நகல் கடையில் முந்நூறாக்கி ஊரெல்லாம் கொடுத்தார்கள். மகன், மருமகள், பேரன்கள் எல்லோரும் அதில் இருந்தார்கள். தன் இஷ்டத்துக்குக் கல்யாணம் செய்துகொண்ட மகளின் பெயர் மட்டும் இல்லை.

அம்மாவின் தலைமாட்டில் உட்கார்ந்து அதைப் படித்த தங்கை, அண்ணனை வாய்க்கு வந்தபடி பேசிவிட்டு எழுந்து போனாள்.

பெரியவர் எழுதிய பத்திரத்தில் ஒரு புள்ளி விட்டுப்போனதாக யாரும் சொன்னதில்லை. ஆகவே, கைதவறி விட்டிருப்பார் என்று நினைக்க ஒருவருக்கும் இடமில்லை.

தாள் வெளியே வந்தது. மேலே அம்மாவின் படம், கீழே பெயர்கள், கடைசி வரியில் மகளும் மருமகனும்.

தங்கை மகள் அந்த வரிமேல் விரலை வைத்தாள். "மாமா, அம்மா பேரு இருக்கே?"

மெக்கானிக்தான் பதில் சொன்னார். படம் பெரிதாக இருந்தால் பழைய மெமரி தாங்காது, முடிந்தவரை அச்சிட்டுவிட்டுத் தாளைத் துப்பிவிடும். திருகாணியை முடுக்கிக்கொண்டே சொன்னார், நிமிரவில்லை.

அவள் தாளோடு தெருவுக்கு ஓடினாள்.

கார்க் கதவு அறையும் சத்தம் கேட்டது. ஒரு செருப்பு வாசலிலும் மற்றது படியிலுமாகக் கிடக்க, தங்கை உள்ளே வந்தாள். தலை பாதி நரைத்திருந்தது.

"மிஷின் பண்ணின வேலைக்கு உங்களப் போயி நாக்கு மேல பல்லப் போட்டுப் பேசிட்டேனே அண்ணா," என்று அவர் கையைப் பிடித்துக்கொண்டாள்.

பெரியவரின் பார்வை மேசை இழுப்பறைக்குப் போய்த் திரும்பியது. பிறகு, பிடிபட்ட கையை அவளிடமே விட்டுவிட்டு நின்றார்.

தங்கை பெயரைப் பெரியவர்தான் வெட்டினார் என்று உறவில் இன்றும் ஒரு பேச்சு உண்டு. அது தவறு. அம்மா கடைசியாகக் கேட்டுக்கொண்டபடி, அந்தப் பெயரை அவர் தன் கையாலேயே டைப் செய்து சேர்த்திருந்தார். வெட்டியது பிரிண்டர். விட்டுப்போன வரி அப்போதே அடுத்த தாளில் தனியாக வந்து விழுந்தது. அவர் அதை நான்காக மடித்து இழுப்பறையில் வைத்துப் பூட்டிவிட்டு, முதல் தாளை மட்டும் நகல் கடைக்குக் கொடுத்தனுப்பினார்.