கோட்டுக்கு உள்ளே

அவர் பென்சில் சீவிக்கொண்டிருந்தார்.

சவர அலகால், மெல்ல மெல்ல. கரித்தூளை ஊதிவிட்டு, முனையைப் பெருவிரலில் குத்திப் பார்த்து, மனைவியிடம் நீட்டினார்.

"கூராப் பிடியும். கோடு தடிச்சுப் போனா அதுக்குள்ளயே பத்துக் குடும்பம் கிடக்கும்."

பகிடிதான். கணக்கும் சரிதான். அவள் விரித்திருந்த நிலப்படத்தில் ஒரு மில்லிமீற்றர் என்றால் தரையில் ஐம்பது மீற்றர்.

அவள் இருபத்தொரு வருடம் புவியியல் படிப்பித்தவள். ஊரை விட்டு ஓடியபோது மற்றவர்கள் தையல் மெசினையும் கோழியையும் தூக்கினார்கள். அவள் பள்ளிக்கூட அலுமாரியிலிருந்து ஒரு நிலப்படத்தை மடித்து எடுத்தாள். ஏன் என்று அப்போது தெரியாது.

பென்சில் சீவிய அன்று காலை அரச வானொலியில் ஒரு வலயத்தை அறிவித்தார்கள். பாதுகாப்பு வலயம். உள்ளே இருப்பவர்கள் மேல் செல் குண்டு அடிக்கமாட்டார்கள். நான்கு மூலைகளுக்கும் பாகை, கலை, விகலை என்று எண்களை வாசித்தார்கள்.

கடற்கரை மணலில் தறப்பாள் கூடாரங்களின் கீழ் கிடந்த சனத்துக்கு எண்கள் விளங்கவில்லை.

எல்லோரும் ரீச்சரிடம் வந்தார்கள்.

வலயம் என்பது அதுவரை அவளுக்கு மழையின் சொல். ஈர வலயம். உலர் வலயம். நடுவே இடை வலயம். மழை குறையக் குறைய ஒன்று மற்றதாகும். எந்த வீட்டு வாசலில் மாறியது என்று ஒருவராலும் காட்ட முடியாது. கோடு எங்கள் வசதிக்குப் போடுவது, பிள்ளையள், தரையில் தேடாதேங்கோ என்று வருடா வருடம் சொல்லியிருக்கிறாள்.

இப்போது எல்லோரும் தரையில் தேடினார்கள்.

அவள் அடிமட்டத்தை வைத்து, மூச்சைப் பிடித்து, கோட்டைப் போட்டாள்.

பதினேழு குடும்பங்கள் அவள் காட்டிய பக்கம் போய்த் தறப்பாளை நட்டன. அவளும் அவரும் பாதி கட்டிய வீடொன்றின் கிணற்றடியில் நட்டார்கள். பக்கத்தில் இராசநாயகம், பனைபோல வளர்ந்த மனிதர்.

"ரீச்சர், நான் கால் நீட்டிப் படுத்தா வெளியில போயிடுமோ?"

"இல்லை. நல்லா உள்ளுக்குத்தான் நிக்கிறியள்."

"அப்ப இண்டைக்கு நீட்டிப் படுப்பம்."

மறுநாள் காலை ஒன்பதரைக்கு அவர் கஞ்சி வாளியைக் கழுவக் கிணற்றடிக்குப் போனார். இராசநாயகம் வாளி கேட்டு அங்கே நின்றார்.

செல் கிணற்றுக்கட்டுக்கு இப்பால் விழுந்தது.

இருவரையும் ஒரே குழியில் வைத்தார்கள். அதற்கே நேரம் போதவில்லை.

 

பிறகு அந்தச் சொல் அவளை விடவில்லை.

வலயத்தைச் சுருக்கிச் சுருக்கி மறுபடி அறிவித்தார்கள். முகாமில் அவளது அட்டையில், வலயம் நான்கு. ஊருக்குத் திரும்பும் வழியில் கம்பிவேலிப் பலகையில், உயர் பாதுகாப்பு வலயம். மறுபடி வேலை தந்த கடிதத்தின் தலைப்பில், கல்வி வலயம்.

காட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போட்டாள்.

ஒருவரும் அவளைக் குறை சொல்லவில்லை. முகாமில் தண்ணீர் வரிசையில் நின்றபோது இராசநாயகத்தின் மனைவி மட்டும் ஒன்று சொன்னாள்.

"நீங்கள் என்ன செய்வியள் ரீச்சர். படம் பழசு."

மன்னித்துத்தான் சொன்னாள்.

ரீச்சர் அதைப் பிடித்துக்கொண்டாள். படம் பழசு. கோட்டின் குறுக்கே மடிப்பு ஒன்று ஓடியது. வியர்வையில் தாள் ஊறியிருக்கும். அடிமட்டம் விலகியிருக்கும்.

பிழை தன்னுடையது என்றால் அவர் செத்ததற்கு ஒரு காரணம் இருக்கும். அந்தக் காரணத்தோடு மிச்சக் காலத்தை இருந்துவிடலாம்.

வானொலி வாசித்த எண்களைப் பின்னால் ஓர் அறிக்கையில் அச்சில் பார்த்தாள். அவள் படத்தின் ஓரத்தில் எழுதியவையேதான். எண்களில் பிழையில்லை.

மிச்சம் கோடுதான்.

 

மூன்று வருடம் கழித்து அந்தக் கரைக்குப் போக விட்டார்கள். காணிகளை அளக்க நில அளவையாளன் ஒருவன் வந்திருந்தான். சுகுணேந்திரன் என்று பெயர். கழுத்தில் ஜி.பி.எஸ். கருவி தொங்கியது.

அவள் படத்தை விரித்து, விஷயத்தைச் சொல்லி, கோடு எங்கே பிழைத்தது என்று கேட்டாள்.

அவன் நான்கு மூலைகளின் எண்களையும் கருவியில் அடித்தான். கிணற்றடியில் போய் நின்றான். கிணற்றுக்கட்டில் ஒரு பக்கம் இல்லை. எருக்கலை முளைத்திருந்தது.

"ரீச்சர், உங்கட கோடு சரி. இந்த இடம் முந்நூற்றிப் பத்து மீற்றர் உள்ளுக்கு."

அவள் குனிந்து படத்தில் அந்தக் கோட்டை விரலால் தொட்டாள்.

"ஒரு அடிமட்டத்தோட இப்பிடிப் பிடிச்சிருக்கிறியள். எங்கட பெடியள் மெசினோடயே பிழை விடுறாங்கள்."

அவன் முகத்தில் உண்மையான மரியாதை இருந்தது.

"இன்னொருக்காப் பாருங்கோ தம்பி."

பார்த்தான்.

"அதேதான் ரீச்சர். முந்நூற்றிப் பத்து."

"இன்னொருக்கா."

அவன் நிமிர்ந்து அவளைப் பார்த்தான். கருவியை நிறுத்தி, மறுபடி முடுக்கி, தலைக்கு மேலே உயர்த்திப் பிடித்தான். வானத்துச் செய்மதிகள் ஒவ்வொன்றாய்க் கருவியில் வந்து சேரும்வரை இருவரும் வெயிலில் நின்றார்கள்.

முந்நூற்றிப் பத்து.