கசாப்புக் கடை ரான் கண் விழிக்கிறார்

"நடிகன்னா அவனுக்கு ஒரே ஒரு முகம்தான் இருக்கணும். அதைப் பார்த்துட்டுத்தான் நாடே நிம்மதியா தூங்கப் போகணும்" என்றார், கோமாவில் இருந்த கிளைவ் ரெட்ஃபெர்ன்.

மூக்கில் குழாய், கையில் பேக்கன் சாண்ட்விச். இங்கிலாந்தின் லீட்ஸ் நகர ஸ்டுடியோவில் எடுக்கும் 'பாலத்தடி' டிவி தொடரில் இருபது வருடமாக அவர்தான் கசாப்புக் கடை ரான். போன மாதம் ஏணியிலிருந்து விழுந்த ரான் பிழைத்தால்தான் கிளைவுக்கு அடுத்த வருடமும் வேலை.

இன்று கண் விழிக்கும் காட்சி என்பது அவர் கணிப்பு. பத்திரிகைகளுக்குக் கசிந்துவிடும் என்று கதையின் கடைசிப் பக்கத்தை யாருக்கும் கொடுப்பதில்லை. வசனம் இருப்பவர்களுக்கு மட்டும் விதிவிலக்கு.

கதவருகே துணை நடிகை பெவர்லி ஆட்கின் நின்றிருந்தார். கழுத்தில் பாதிரியாரின் வெள்ளைப் பட்டை.

"இந்தத் தடவை பாதிரியாரா? முதல்ல நர்ஸா வந்தே. அப்புறம் பார்ல எனக்கு பீர் ஊத்தினே. போன வருஷம் நீதிபதியா வந்து என் மச்சானை உள்ள தள்ளினே. வெக்கமா இல்ல?"

"யாருக்கும் நான்தான்னு தெரியலையே, கிளைவ்."

"அதைப் பெருமையா வேற சொல்றியா?"

"அதுக்குத்தான் சம்பளம்."

கிளைவ் சாண்ட்விச்சை வைத்துவிட்டுத் தயாரிப்பாளர் மொய்ராவைக் கூப்பிட்டார். "இவளை அனுப்பிடு. ஒரே மூஞ்சி வேற வேற ஆளா வந்து நின்னா அது நடிப்பு இல்ல, பிச்சை. இவ இருந்தா நான் கண்ணையே திறக்க மாட்டேன்."

"அவங்க இல்லாம முடியாது, கிளைவ். நாளைக்கும் வேணும். சர்ச்சுல."

"நாளைக்கு எனக்கு ஷூட்டிங் இல்லையே."

"இல்ல" என்றார் மொய்ரா, டீக் கோப்பையைப் பார்த்துக்கொண்டு.

"சரி, எவனுக்கோ கல்யாணம் பண்ணி வைக்கிறா. தொலையட்டும்." கிளைவ் படுத்துக் கண்களை மூடினார்.

கேமரா ஓடியது. நெருங்கி வந்த காலடிகள் யாருடையவை என்று கிளைவுக்குப் பிடிபடவில்லை. ஒரு கை அவர் கையைப் பற்றியது.

"நிம்மதியா போங்க, ரான்."

இமையைத் திறக்கத் தயாரானார். அதற்குள், விட்டுவிட்டு ஒலித்துக்கொண்டிருந்த இதயத் துடிப்பு இயந்திரம் ஒரே மூச்சில் நீளமாக ஊதியது. போர்வை அவர் முகத்துக்கு மேல் ஏறியது.

"கட்."

எல்லோரும் கைதட்டினார்கள். போர்வையை விலக்கினால் பூங்கொத்தோடு மொய்ரா. விடைபெறுகிறவர்களுக்கு எப்போதும் வாங்கும் கேக்கும் வந்திருந்தது. கேக்கின்மேல் ரானின் முகம். மூக்கிலிருந்து வெட்ட ஆரம்பித்தார்கள்.

கூட்டம் கலைந்த பிறகு கிளைவ் ஒப்பனை அறைக் கதவை மெல்லத் தட்டினார். பெவர்லி கழுத்துப் பட்டையைக் கழற்றிக்கொண்டிருந்தார். கிளைவ் உள்ளே வந்து கதவைச் சாத்தினார். மூக்குக்குக் கீழே புதிதாக ஒட்டியிருந்த பொய் மீசை லேசாகக் கோணியிருந்தது.

"மேடம், இந்த நடையை மட்டும் எப்படி மாத்துறீங்க?"