ஹோர்முஸ் எரியும்போது ஒரு நடவு
வாய்க்கால் வறண்டு கிடக்கிறது. டீசல் என்ஜின்தான் தண்ணீர் இறைக்கிறது. வழக்காடி, அடிபட்டு வாங்கிய சொந்த நிலத்தில் பொன்னுத்தாய்க்கு இன்றுதான் முதல் நடவு. வரப்பிலிருக்கும் ரேடியோ, வளைகுடா எண்ணெயெல்லாம் கடந்தாக வேண்டிய ஹோர்முஸ் ஜலசந்தியில் ஏவுகணை பட்டு ஒரு கப்பல் எரிவதாகச் சொல்கிறது. கப்பலின் பெயரையும் சொல்கிறது. நடவுப் பாட்டு நிற்கிறது. “நம்ம தங்கையன் வேலைக்குப் போன கப்பலாக்கா அது?” என்று பக்கத்தில் நடும் காத்தாயி நிமிர்கிறாள். பறித்த நாற்றெல்லாம் வெயிலில் கிடக்கிறது. சாவுச் செய்தி என்றால் நடவாட்கள் பாதியிலேயே கரையேறிவிடுவார்கள். “எம்மவன் போனது வேற கப்பல்டி. நடவப் பாருங்க.” பொன்னுத்தாய் குனிந்து, கை நிற்காமல் நடுகிறாள். அவள் ஊன்றிய நாற்றில் வேர்கள் மேலே நிற்கின்றன, வெள்ளையாக. காத்தாயி ஒவ்வொன்றாகப் பிடுங்கி, வேரைச் சேற்றுக்குள் திருப்பி ஊன்றுகிறாள்.