கருப்புப் பிளஷர்

கிளாரினெட் அந்த மெட்டை எடுத்ததும் கன்னியம்மா சட்டென்று தலை நிமிர்ந்து பார்த்தாள்.

தாலி கட்டி முடிந்து, மகள் குப்பம்மாளும் மாப்பிள்ளையும் வாடகைக் காரில் ஏறி உட்கார்ந்துவிட்டார்கள். மாப்பிள்ளைக்கு எண்ணூரில் லாரி செய்யும் கம்பெனியில் வேலை. பெண்ணைக் காரில்தான் கூட்டிப்போவேன் என்று ஒற்றைக் காலில் நின்று பிடித்து வந்திருந்தார். வந்து நின்றது கருப்பு அம்பாசிடர்.

காருக்கு முன்னால் பொன்னேரி பேண்டு செட்டு. இளவட்டங்கள் துண்டைச் சுழற்றி ஆட ஆரம்பித்துவிட்டார்கள். இந்தப் பாட்டு இல்லாமல் ஆரணியாற்றுப் பக்கம் ஒரு கல்யாணமும் நடப்பதில்லை.

கன்னியம்மா பந்தல் காலுக்குப் பின்னால் ஒதுங்கி நின்றாள். தாலியறுத்தவள் புதுப்பெண் புறப்படும்போது எதிரே வரக்கூடாது. பெற்றவளே ஆனாலும் வழக்கம் அதுதான்.

வாசிப்பது ஒப்பாரி என்று அந்தக் கூட்டத்தில் அவள் ஒருத்திக்குத்தான் தெரியும். ஏனென்றால் அதைக் கட்டியவள் அவள்.

அவள் புருஷன் ராஜமாணிக்கம் அரிசி மில்லில் பெல்ட்டில் மாட்டிக்கொண்ட அன்று, முதலாளியின் கருப்புப் பிளஷர் காரில் போட்டு மெட்ராஸ் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். அதற்கு முன் அவன் கார் ஏறியதே இல்லை. அவளுக்கு அதில் இடமில்லை என்றார்கள். இடுப்பில் கைக்குழந்தையோடு ஊர் எல்லை வரை காருக்குப் பின்னால் ஓடினாள்.

மறுநாள் கார் வந்தது. அவனை அங்கேயே அடக்கம் பண்ணிவிட்டதாகச் சொன்னார்கள்.

அவள் மாரில் அடித்துக்கொண்டு அழுதபோது வாயில் வந்தது இவ்வளவுதான்:

கருப்புப் பிளஷரு காரு ஏறிக்
காத்தாப் போன என் ராசா
காரு மட்டும் திரும்பி வந்திச்சே
காலடியக் காணோமே என் ராசா

பிறகு நடவு வயலில் அதையே முணுமுணுத்தாள். பக்கத்தில் நட்டவர்கள் பிடித்துக்கொண்டார்கள். நடவுக்கு இழுத்துப் பாடினால் ஆகாது, கை ஓட வேண்டும். வேகத்தைக் கூட்டினார்கள். அன்றோடு பாட்டு அவளை விட்டுப் போனது.

போனது என்றால், எங்கெங்கே போனது!

ஊத்துக்கோட்டைச் சந்தையில் லேகியம் விற்கிறவன் கூட்டம் சேர்க்க அதைப் பாடினான். பழவேற்காட்டில் வலை இழுப்பவர்கள் பாட்டுக்குள் இருந்த காரைத் தூக்கிப் போட்டுவிட்டுப் படகை வைத்துக்கொண்டார்கள். ஆந்திர எல்லைக்கு அந்தப் பக்கம் தெலுங்கில் பாடி நாற்று நட்டார்கள். மாதா கோயில் தேர்ப் பவனியில் அதே மெட்டில் மாதாவை அழைத்தார்கள். அன்றைக்குக் கன்னியம்மா தேரைப் பார்க்கவில்லை, பாடுகிறவர்களின் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

தன் கால் படாத ஊருக்கெல்லாம் தன் அழுகை போய்விட்டதே என்று நினைத்தால் அவளுக்கு உடம்பு சிலிர்க்கும். அது பெருமையா பயமா என்று அவளுக்கே சொல்லத் தெரியாது.

கடைசியில் யாரோ ஒரு புண்ணியவான் பின் இரண்டு அடியிலும் கை வைத்தான். 'காரு திரும்பி வந்திச்சே, கட்டுன பொண்ணோட என் ராசா' என்று மாற்றிவிட்டான். அவ்வளவுதான், அது கல்யாணப் பாட்டாகிவிட்டது.

ஊரார் கல்யாணங்களில் அதை வாசித்தால் கன்னியம்மா எழுந்து சமையல் பக்கம் போய்விடுவாள். இன்று எங்கே போவது? கருப்புக் காரில் உட்கார்ந்திருப்பது அவள் மகள். ஒரு முறை கருப்புக் காரில் போனவன் திரும்பி வரவில்லை.

நிறுத்த வேண்டுமென்றால் காருக்கு முன்னால் போக வேண்டும். போனால் அபசகுனம். போகாவிட்டால் மகள் ஒப்பாரியோடு புறப்படுவாள்.

அவள் போனாள்.

"இன்னா இவ, எதிர்க்கப் போறா?" என்றது சம்பந்தி வீட்டுப் பக்கமிருந்து ஒரு குரல். மேளம் ஒவ்வொன்றாக அடங்கியது. ஆடியவர்கள் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டார்கள்.

"இந்தப் பாட்டு வேணாம்பா. வேற எதனா வாசி."

பேண்டு மாஸ்டர் தாவீது கிளாரினெட்டை வாயிலிருந்து எடுத்தார். காரைத் திரும்பிப் பார்த்தார்.

குப்பம்மாள் கார் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினாள். அழுதிருந்தாள்.

"நிறுத்தச் சொல்லாதம்மா. நாந்தான் மாஸ்டராண்ட கேட்டேன்."

பிறகு மெதுவாக, மேளம் இல்லாமல், நடவு வேகம் இல்லாமல் பாடினாள்.

காரு மட்டும் திரும்பி வந்திச்சே...

எந்தக் கல்யாணத்திலும் இல்லாத அடி அது. கன்னியம்மா மகளின் வாயையே பார்த்தாள். இவளுக்கு யார் சொல்லிக் கொடுத்தது?

அப்புறம்தான் அவளுக்குத் தூளி நினைவுக்கு வந்தது. அந்த வருஷமெல்லாம் குழந்தையைத் தூங்கவைக்க அவள் வாயில் வேறு பாட்டே வரவில்லை.

"என் கல்யாணத்துக்கு நைனா வர வேணாமா?" என்றாள் குப்பம்மாள்.

கன்னியம்மா தாவீதைப் பார்த்துத் தலையசைத்தாள். கிளாரினெட் மறுபடி அந்த மெட்டை எடுத்தது.

ஓரமாக வரச் சொல்லி யாரோ அவள் கையைப் பிடித்து இழுத்தார்கள். அவள் விலகவில்லை. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு காருக்கு முன்னால் நடக்க ஆரம்பித்தாள்.

ஊர் எல்லை வரைக்கும் கார் அவளுக்குப் பின்னால் வந்தது.