ஆறாவது கடை

ஒசாகாவின் தென்மா சந்துகளில் சாப்பாட்டுச் சுற்றுலா நடத்துவது என் வேலை. அன்று வந்த ஆறு பேரில் ஐவர் வெளிநாட்டினர். ஒருவர் மட்டும் உள்ளூர்க்காரர், ஒகுரா என்ற பெரியவர்.

முதல் நான்கு கடைகளிலும் அவர் எதையும் தொடவில்லை.

"கடைசிக் கடைக்கு எப்பம்மா போவோம்?"

"அது ஆறாவது சார். கொஞ்சம் சாப்பிடுங்க."

"சாப்பிட வரலம்மா. சீக்கிரம் போயிடலாமா?"

ஆறாவது கடையில் எட்டே இருக்கைகள். வாசலில் நீண்ட வரிசை. முன்பதிவு இருந்ததால் நாங்கள் நேராக உள்ளே போனோம்.

கடைக்காரர் நிமிர்ந்து பார்த்தார். "ஒகுரா சாரா? முப்பது வருஷமா வர்றவரு, மூணு மாசமா ஆளையே காணோமே?"

"தினம் வாசல் வரைக்கும் வந்தேன்பா. வரிசையில நிக்க கால் தாங்கல. மத்தவங்களைத் தாண்டி வரவும் மனசு வரல. இவங்க சுற்றுலாவோட வந்தா வரிசை இல்லாம உள்ள இடம்னாங்க, பேர் கொடுத்துட்டேன். நாங்க வாங்கி இங்கயே வச்சுட்டுப் போன பாட்டில் இருக்கா? தொடாத பாட்டிலை மூணு மாசத்துல எடுத்துடுவீங்கள்ல, இன்னிக்கோட முடியுது."

கடைக்காரர் அலமாரியிலிருந்து பாதி மதுவுள்ள பாட்டிலை எடுத்து வைத்தார். "வீட்டம்மா வரலையா?"

"போய்ச் சேர்ந்துட்டா." பெரியவர் பாட்டிலின் கழுத்தில் தொங்கிய பெயர் அட்டையை மட்டும் அவிழ்த்தார்.

"மதுவை நீயே கொட்டிடு. எங்க ரெண்டு பேர் பேரையும் சேர்த்து அவ எழுதினது இது ஒண்ணுதான்."