சார்

வக்கீல் அதே கேள்வியை மறுபடியும் கேட்டார்.

“அன்னைக்கு இவரை ‘சார்’னு சொன்னீங்களா, இல்லையா?”

கூண்டில் நின்ற அக்கா கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

“சொன்னேன்.”

கடைசி பெஞ்சில் அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

அக்கா அவனை டேய் என்பாள். கோபம் வந்தால் எருமை என்பாள். கல்யாணமாகி, தலை நரைத்து, மாமனாரான பிறகும் அதே எருமைதான். அவள் வாயிலிருந்து ‘சார்’ வந்ததை அவன் கேட்டதே இல்லை. போன வாய்தாவில் தண்டபாணி சாட்சி சொன்னபோதுதான் அவனுக்கே தெரியும்.

தண்டபாணி வீட்டை வாங்க வந்தவர். பழநி ரோட்டில் பிளைவுட் கடை. நல்ல மனுஷன். அதுதான் கஷ்டம். மோசமான ஆளாக இருந்திருந்தால் அவரைத் திட்டியாவது மனசை ஆற்றிக்கொண்டிருக்கலாம்.

அப்பா விட்டுப்போன வீடு. பாதி அவனுக்கு, பாதி அக்காவுக்கு. அவன் மதுரைக்குப் போய்விட்டான். அக்கா மட்டும் அங்கேயே இருந்தாள்.

முழு வீட்டுக்கும் அவன் ஒருவனே கிரய அக்ரிமெண்ட் போட்டு அட்வான்ஸும் வாங்கிவிட்டான். அக்காவிடம் பக்குவமாகச் சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்தான்.

பக்குவமான நேரம் வரவே இல்லை. கிரயம் முடித்துத் தரச் சொல்லி தண்டபாணி போட்ட வழக்கில் சம்மன்தான் வந்தது.

தண்டபாணி வீடு பார்க்க வந்த அன்று, அக்கா இருவருக்கும் காபி வைத்துவிட்டு உள்ளே போனாள்.

“இவங்க?” என்றார் தண்டபாணி.

“வாடகைக்கு இருக்காங்க. சொன்னா காலி பண்ணிடுவாங்க.”

யோசிக்காமல் வாயில் வந்துவிட்டது. இன்றுவரை அப்படித்தான் தனக்குத்தானே சொல்லிக்கொள்கிறான். உள்ளே மிக்ஸி ஓடிக்கொண்டிருந்தது, அவளுக்குக் கேட்டிருக்காது என்றும் சொல்லிக்கொண்டான்.

மிக்ஸி எப்போது நின்றது என்று அவன் கவனிக்கவில்லை.

அவன் வண்டியைத் திருப்பப் போன நேரத்தில் தண்டபாணி அவளிடமே கேட்டிருக்கிறார், எப்பம்மா காலி பண்ணுவீங்க என்று.

“சார் சொல்லட்டும், பண்ணிடறேன்” என்றாளாம்.

சொல்லிவிட்டு, குடித்த டம்ளர்களை எடுத்துக்கொண்டு உள்ளே போனாளாம்.

வாடகைக்காரி என்று தானே ஒத்துக்கொண்டவள் இன்று பங்கு கேட்கலாமா? தண்டபாணியின் வக்கீல் பிடித்துக்கொண்டது இதைத்தான். வீடு விலைபேசப்படுவது அவளுக்கு அன்றே தெரியும், சம்மதித்துத்தான் சும்மா இருந்தாள் என்றார். அவளுடைய பாதி வீடு ‘சார்’ என்ற அந்த ஒரு சொல்லில் தொங்கிக்கொண்டிருந்தது.

அவன் ஒரு வார்த்தை சொன்னால் போதும். பொய் என்னுடையது, அக்ரிமெண்ட் பற்றி அவளுக்கு எதுவும் தெரியாது. சொன்னால் அவள் பங்கு அவளுக்கு நிற்கும். அவன் மேல் மோசடி வழக்கு வரும்.

வாயே திறக்காதீங்க என்று அவன் வக்கீல் வாசலிலேயே எச்சரித்திருந்தார். அவனும் நல்ல பிள்ளையாகத் தலையாட்டியிருந்தான்.

“ஏம்மா அப்படிச் சொன்னீங்க?” நீதிபதியே கேட்டார்.

அக்கா நீதிபதி பக்கம் திரும்பினாள்.

“அவன் சொல்லிட்டான், ஐயா. வெளியாள் முன்னாடி அவனைப் பொய்யனாக்க மனசு வரலை. என்ன விஷயம்னு அப்புறமா அவனே சொல்லுவான்னு இருந்தேன்.”

அவனுக்குக் கையும் களவுமாகப் பிடிபட்டிருந்தால்கூட இவ்வளவு வெட்கமாக இருந்திருக்காது. பிடித்தவளே போர்த்தியும் விட்டிருக்கிறாள். அதற்குப் பிறகு எத்தனையோ முறை அவள் கையால் சாப்பிட்டிருக்கிறான். ஒருமுறைகூட அவள் கேட்டதில்லை.

காத்திருந்திருக்கிறாள்.

“இதெல்லாம் இப்ப சோடிச்ச கதை” என்றார் தண்டபாணியின் வக்கீல். “சார்னு சொன்னீங்க. அவர் உங்களுக்கு என்ன வேணும்னு என் கட்சிக்காரர்கிட்ட ஒரு வார்த்தை சொன்னீங்களா?”

அக்கா கம்பியிலிருந்து கையை எடுத்தாள். கடைசி பெஞ்சைப் பார்த்தாள்.

“அவர் எனக்கு என்ன வேணும்னு அவரையே கேளுங்க.”

அவன் இல்லை. அவர்.

கோர்ட்டில் இருந்தவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள்.

அவன் எழுந்தான். பக்கத்திலிருந்த ஜூனியர் வக்கீல் சட்டையைப் பிடித்து இழுத்தார். “உட்காருங்க. உங்களை யாரும் கேட்கலை.”

அவன் உட்காரவில்லை.

“அக்கா” என்றான்.

நீதிபதிக்குச் சொன்ன பதிலா, அவளைக் கூப்பிட்டதா என்று தெரியாமல், தட்டச்சு செய்துகொண்டிருந்த பெண் கையை நிறுத்திவிட்டு அவன் முகத்தைப் பார்த்தாள்.