பாதிப் பேருக்கு மாவு

அக்காவுக்கும் தங்கைக்கும் ஒரே நோய், குடும்பச் சொத்து. புது மருந்துப் பரிசோதனையில் இருவரும் சேர்ந்தார்கள். பாதிப் பேருக்கு மருந்து, மீதிப் பேருக்கு வெறும் மாவு மாத்திரை. யாருக்கு எது என்று டாக்டருக்கே தெரியாது.

தங்கை ஓயாமல் வாந்தியெடுத்தாள். அக்கா குத்துக்கல்லாட்டம் இருந்தாள்.

"உனக்கு மாவுதான்டி வாய்ச்சிருக்கு, அதான் நோய் அடங்கலை. இந்தா, என் டப்பாவை வச்சுக்கோ. உன்னுதைக் குடு."

"அப்ப நீ என்னக்கா பண்ணுவே?"

"நான் வாழ்ந்து முடிச்சவ. பேசாம முழுங்கு."

தங்கைக்கு வாந்தி நின்றது. அக்காவுக்குத் தொடங்கியது. தங்கச்சி பிழைத்தால் போதும் என்று பல்லைக் கடித்துக்கொண்டாள்.

செத்தது தங்கை.

பரிசோதனை முடிந்ததும் டாக்டர் உதட்டைப் பிதுக்கினார். "நிஜ மருந்து உங்க தங்கச்சிக்குத்தாம்மா போச்சு. குடலைப் புரட்டும், ஆனா காப்பாத்தும்னு நம்பினோம். பலிக்கலை. கம்பெனியும் அந்த மருந்தைக் கைகழுவிடுச்சு. நீங்க பாருங்க, மாவைத் தின்னே தேறிட்டீங்க!"

அக்காவுக்குக் குடலைப் புரட்டியது.